ஃபேனி ஜாக்சன் காப்பின்: அடிக்கடி கேக்குற கேள்விகளும் பதில்களும்

யாருங்க இவங்க, சுருக்கமா சொல்லுங்களேன்?

1837ல வாஷிங்டன் நகரத்துல அடிமையா பொறந்தாங்க, 1865ல ஓபர்லின் காலேஜ்ல பட்டம் வாங்கினாங்க, அதே வருஷம் பிலடெல்ஃபியாவுல கறுப்பினப் பிள்ளைங்களுக்கான ஒரு ஸ்கூல்ல வேலைக்குச் சேர்ந்து 37 வருஷம் அங்கயே இருந்தாங்க, அதுல 33 வருஷம் பிரின்சிபலா. 1913ல இறந்தாங்க. "அடிமையா பொறந்து பிரின்சிபல் ஆனவங்க"ன்னு எல்லாரும் ஒரே வரியில முடிச்சிடுவாங்க. எனக்கு அது பத்தாது. சொல்லிக்கொடுக்கற திறமை பொறப்புலயே வரணும்னு இல்ல, அது ஒரு தொழில், பழக்கினா வரும், அதைப் பழக்கறதுக்கே ஒரு இடம் வேணும்னு நம்பி அந்த இடத்தை நடத்திக் காட்டினவங்க இவங்க. என் கணக்குல அதுதான் பெரிய விஷயம்.

காப்பியா காப்பினா?

காப்பின் தாங்க. அது புருஷன் வீட்டுப் பேரு, கல்யாணத்துக்கு முன்னாடி ஃபேனி ஜாக்சன். 1881 வரைக்கும் நடந்ததெல்லாம் ஜாக்சன்ங்கற பேர்லதான் இருக்கும், தேடுறவங்க ரெண்டு பேர்லயும் தேடுங்க.

அந்த 125 டாலர் கதை நிஜமா?

நிஜம், அவங்களே எழுதி வச்சிருக்காங்க. அவங்க தாத்தா காசு சேர்த்து தன் பிள்ளைங்கள்ல சில பேரை விலை கொடுத்து மீட்டுட்டாரு, ஆனா ஃபேனியோட அம்மா லூசியை மட்டும் மீட்கல. ஏன்னு கேட்டா, "என் பிறப்பு காரணமா"ன்னு ஃபேனி ஒரே ஒரு வரி எழுதிட்டு தாண்டிப் போயிடறாங்க, அதுக்கு மேல விளக்கம் இல்ல. அந்த ஒரு வரியில எவ்ளோ வலி இருக்குன்னு நம்ம ஆளுங்களுக்குச் சொல்லவே வேண்டாம், குழந்தை பொறந்த விதத்துக்காக பொண்ணை ஒதுக்கி வைக்கற வீடு எந்த ஊர்ல இல்ல.

அப்ப இவங்களை மீட்டது யாருன்னா, சேரா ஓர்னு ஒரு சித்தி, பின்னாடி சேரா ஓர் கிளார்க். இவங்களுக்கு மாசச் சம்பளம் 6 டாலர். அந்த 6 டாலர்ல மிச்சம் பிடிச்சு பிடிச்சு 125 டாலர் சேர்த்து ஃபேனியை வாங்கி விடுதலை பண்ணாங்க. கணக்குப் போட்டுப் பாருங்க, ஒரு பைசா செலவே பண்ணாம இருந்தாலும் கிட்டத்தட்ட 21 மாசச் சம்பளம், சாப்பிட்டு துணி உடுத்தி வாழற மனுஷி எத்தனை வருஷம் சேர்த்திருப்பாங்க. இந்தக் கதையில எனக்கு ரொம்பப் பிடிச்ச ஆள் அந்தச் சித்திதான்.

விடுதலை ஆனதும் நேரா ஸ்கூலா?

எங்க. மாசச்சூசெட்ஸ்ல நியூ பெட்ஃபோர்டுங்கற ஊருக்கு இன்னொரு அத்தையோ சித்தியோ, உறவுல ஒருத்தர் வீட்டுக்கு அனுப்புனாங்க, வேலை பாத்துக்கிட்டே வேலை இல்லாத நேரம் ஸ்கூல் போலாம்ங்கறது பேச்சு. ஆனா துணி துவைக்கற நாள் போக முடியாது, இஸ்திரி போடற நாள் போக முடியாது, வீடு கழுவற நாள் போக முடியாது. மிச்சம் என்ன இருக்கு வாரத்துல? வீட்டு வேலைக்கு வச்சிருக்கற பிள்ளையை "நாங்க படிக்க வைக்கறோம்"னு சொல்ற பேச்சு எல்லாக் காலத்துலயும் ஒரே மாதிரிதான் போல.

அப்புறம் ரோட் ஐலண்ட் மாநிலத்துல நியூபோர்ட்னு ஒரு ஊரு, அங்க எலிசபெத் ஓர்னு உறவுல இன்னொரு அம்மா வீட்டுல இடம் கிடைச்சது. ஃபேனிக்கு அப்ப 14 வயசு. அந்த அம்மாவே கஷ்டப்படறவங்க, அவங்களுக்குப் பாரமா இருக்கக்கூடாதுன்னு தானே வேலை தேடிக்கிட்டு ஜார்ஜ் கால்வர்ட்னு ஒருத்தர் வீட்ல நிரந்தரமா சேர்ந்துட்டாங்க. கால்வர்ட் எழுத்தாளர், பெரிய குடும்பம், பால்டிமோர் பிரபு வம்சம்னு ஃபேனி எழுதறாங்க. ஆறு வருஷம் அங்க.

வீட்டு வேலை செஞ்ச பொண்ணுக்கு படிக்க நேரம் எப்படி கிடைச்சது?

ஒரு நாள் விட்டு ஒரு நாள் மத்தியானம் ஒரு மணி நேரம் லீவு. அந்த ஒரு மணி நேரத்துக்கு தன் சம்பளத்துலயே ட்யூஷன் வச்சுக்கிட்டாங்க. அது போதாதுன்னு பியானோ வேற, எலிசபெத் ஓர் வீட்ல ஒரு பியானோவை வாடகைக்கு எடுத்துப் போட்டு, வாரத்துல ஒரு நாள் கால்வர்ட் அம்மாவுக்குத் தெரியாம நைசா போய் கத்துக்கிட்டிருக்காங்க. கத்துக்கிட்டது வீண் போகல, பின்னாடி காலேஜ்ல செலவுக்கு மியூசிக் ட்யூஷன்தான் கை கொடுத்தது. கொஞ்ச மாசம் ஊர்ல இருந்த கறுப்பினப் பிள்ளைங்க ஸ்கூலுக்கும் போய், பரீட்சை எழுதி, பிரிஸ்டல்ங்கற ஊர்ல இருந்த ரோட் ஐலண்ட் நார்மல் ஸ்கூல்ல சேர்ந்தாங்க.

நார்மல் ஸ்கூல்னா ஏதோ சாதாரண ஸ்கூல்னு நினைச்சுக்காதீங்க, அந்தக் காலத்துல டீச்சர் ட்ரெயினிங் ஸ்கூலுக்கு அதுதான் பேரு. டேனா கோல்பர்ன்னு ஒருத்தர் அதை நடத்திட்டு இருந்தாரு. அங்கதான் முதல் தடவையா கண்ணு தொறந்துச்சுன்னு எழுதறாங்க, பாடம் நடத்தறதை இவ்ளோ சுவாரசியமா பண்ண முடியுமான்னு அசந்து போயிருக்காங்க. இந்த இடத்தை நிறைய பேர் படிச்சிட்டு சும்மா தாண்டிடறாங்க. அதுவரைக்கும் அவங்களுக்கு "படிக்கணும், எங்க ஜனங்களுக்கு டீச்சர் ஆகணும்"ங்கற வெறி இருந்துச்சு, ஆனா டீச்சிங்ல ஒரு வித்தை இருக்கு, அதைக் கத்துக்கணும்ங்கறது இங்கதான் பிடிபடுது. பின்னாடி 37 வருஷம் பண்ணதுக்கெல்லாம் விதை இங்கதான் விழுந்துச்சு.

கிளம்பறப்ப கால்வர்ட் அம்மா "பணம் கொடுத்தா இருப்பியா ஃபேனி"ன்னு கேட்டிருக்காங்க. இல்லன்னுட்டு கிளம்பிட்டாங்க.

ஏன் ஓபர்லின்? பக்கத்துல காலேஜே இல்லையா?

இருந்துச்சு, இவங்களைச் சேர்க்கற காலேஜ் இல்ல. ஓஹையோ மாநிலத்துல இருந்த ஓபர்லின் 1833ல ஆரம்பிச்சது, 1835லயே கறுப்பின மாணவர்களைச் சேர்க்கலாம்னு முடிவெடுத்தது, பொண்ணுங்களையும் சேர்த்தது. அமெரிக்காவுல அடிமை முறை முழு வீச்சுல இருந்த காலத்துல இது எவ்ளோ பெரிய விஷயம். 1860ல ஃபேனி அங்க போனாங்க. செலவுக்கு மறுபடியும் சேரா சித்தி, கூட ஏ.எம்.இ. திருச்சபை பிஷப் டேனியல் பெய்ன் கொடுத்த ஸ்காலர்ஷிப், வருஷத்துக்கு 9 டாலர். அந்த ஏ.எம்.இ.ங்கறது கறுப்பின மக்களே சொந்தமா நடத்தின மெத்தடிஸ்ட் திருச்சபை, இவங்க கதையில திரும்பத் திரும்ப வரும்.

"ஜென்டில்மேன்ஸ் கோர்ஸ்"ல படிச்சாங்கன்னு எங்கயோ பார்த்தேன், அது என்ன?

பொண்ணுங்களுக்கு லேடீஸ் கோர்ஸ்னு லேசா ஒண்ணு இருக்கும், பையன்களுக்கு லத்தீன், கிரீக், கணக்குன்னு பி.ஏ. டிகிரிக்கான முழுப் படிப்பு. பொண்ணுங்க அதை எடுக்கக்கூடாதுன்னு தடை இல்ல, எடுங்கன்னு யாரும் சொல்லவும் மாட்டாங்க. இவங்க அதைத்தான் எடுத்தாங்க. 1862ல அதே ஓபர்லின்ல மேரி ஜேன் பாட்டர்சன் பி.ஏ. வாங்கினாங்க, அமெரிக்காவுல பி.ஏ. முடிச்ச முதல் கறுப்பினப் பெண்மணின்னு அவங்களைத்தான் சொல்லுவாங்க, மூணு வருஷம் கழிச்சு ஃபேனி.

கிளாஸ்ல பதில் சொல்ல எழுந்திரிக்கறப்பல்லாம் ஆப்பிரிக்க இனம் முழுசோட மானமும் என் தோள் மேல இருக்கற மாதிரி இருக்கும்னு எழுதிருக்காங்க. ஒரு தடவை கிரீக்ல நல்லா பண்ணவுடனே கிரீக் ப்ரொஃபசர் கணக்கு கிளாசுக்கும் வந்து உக்காந்துட்டாராம். "உங்க ஆளுங்களுக்கு மொழி வரும், கணக்கு வராது"ன்னு கேட்டு கேட்டே வளர்ந்தவங்க, அன்னைக்கு வந்த கணக்கு நல்லாத் தெரிஞ்ச கணக்கா அமைஞ்சு போச்சு, ஜமாய்ச்சுட்டாங்க. இப்படி ஒவ்வொரு நாளும் பரீட்சை எழுதற மாதிரி வாழறது எவ்ளோ அலுப்பா இருக்கும்னு நான் யோசிப்பேன், அவங்க ஆனா அதை ஒரு நல்ல போட்டின்னு சொல்லி சந்தோஷமாத்தான் எழுதறாங்க.

இன்னொரு சம்பவம். விடுதியில பொண்ணுங்க எல்லாரும் தரையில உக்காந்து கிரீக் பாடம் பாத்துட்டு இருக்காங்க. மெய்ன் மாநிலத்துல இருந்து வந்த ஒரு வெள்ளைக்காரப் பொண்ணு திடீர்னு நிமிர்ந்து பாத்து "ஃபேனி, நீ எப்பவாவது அடிமையா இருந்திருக்கியா"ன்னு கேக்குது. ஆமான்னாங்க. அந்தப் பொண்ணு பொலபொலன்னு அழுதுடுச்சு. அதுக்கப்புறம் யாரும் ஒரு வார்த்தை பேசல. நடந்த தப்புல ஏதோ கொஞ்சத்தை அந்தக் கண்ணீர் தொடைச்ச மாதிரி இருந்துச்சுன்னு எழுதறாங்க. கொஞ்சத்தைன்னுதான் சொல்றாங்க, கவனிங்க.

வெள்ளைக்காரப் பிள்ளைங்களுக்கு பாடம் எடுத்தாங்களாமே, யாரும் தகராறு பண்ணலையா?

ஓபர்லின்ல ஒரு வழக்கம், மூணாவது நாலாவது வருஷம் படிக்கறவங்கள்ல 40 பேரைப் பொறுக்கி, காலேஜோட சேர்ந்த ப்ரிபரேட்டரி வகுப்புகளுக்கு, அதாவது காலேஜ்ல சேரறதுக்குத் தயார் பண்ற வகுப்புகளுக்கு, டீச்சரா போடுவாங்க. இவங்க முறை வந்தப்ப கூப்பிட்டு, உனக்கு ஒரு கிளாஸ் தரோம், ஆனா பிள்ளைங்க எதிர்த்தா நாங்க கட்டாயப்படுத்த மாட்டோம், புரிஞ்சுக்கோன்னு முன்னாடியே சொல்லிட்டாங்க. அதாவது முழு ரிஸ்க்கும் இவங்க தலையில. முதல் நாள் உள்ள வந்த சில பேர் மூஞ்சியில ஆச்சரியம் தெரிஞ்சதாம், அவ்ளோதான், தகராறு ஒண்ணும் இல்ல. அப்புறம் என்ன ஆச்சுன்னா கிளாஸ்ல கூட்டம் ஏறிக்கிட்டே போய் ரெண்டாப் பிரிக்க வேண்டியதாப் போச்சு, ரெண்டையும் இவங்களுக்கே கொடுத்தாங்க, அதுல ஒண்ணு மறுபடியும் நிரம்பி வழிஞ்சது, இதுக்கு மேல உன்னால முடியாதும்மான்னு காலேஜே நிறுத்திடுச்சு. நார்மல் ஸ்கூல் ட்ரெயினிங்தான் காப்பாத்துச்சுன்னு ஃபேனி சொல்றாங்க.

இதுக்கு நடுவுல 16 பிள்ளைங்களுக்கு மியூசிக் ட்யூஷன், சர்ச் பாடகர் குழு, உள்நாட்டுப் போர் நேரத்துல தெற்குல இருந்து வந்து சேர்ந்த முன்னாள் அடிமைகளுக்கு வாரத்துல நாலு ராத்திரி வகுப்பு. வயசானவங்க எழுத்துக்கூட்டிக் கூட்டி படிக்கறதைப் பாத்து நெஞ்சு உருகிப் போச்சுன்னு எழுதறாங்க, இவங்களை இருட்டுல வச்சது மன்னிக்கவே முடியாத பாவம்னும் எழுதறாங்க.

பிலடெல்ஃபியா வேலை எப்படி கிடைச்சது?

இது ஜோரான கதை. படிப்பு முடிய ஒரு வருஷம் இருக்கறப்ப பிலடெல்ஃபியாவுல இருந்து ஒரு லெட்டர் வருது, கிரீக், லத்தீன், உயர்கணிதம் மூணும் நடத்தத் தெரிஞ்ச கறுப்பினப் பெண் வேணும்னு. ஓபர்லின் அனுப்பின பதில்: ஆள் இருக்கு, ஆனா நீங்க ஒரு வருஷம் காத்திருக்கணும். காத்திருந்தாங்க.

அந்த ஸ்கூல் பேரு இன்ஸ்டிட்யூட் ஃபார் கலர்டு யூத், ஐ.சி.ஒய்.னு வச்சுக்குவோம். ரிச்சர்ட் ஹம்ஃப்ரீஸ்னு ஒரு குவேக்கர் சாகறப்ப 10,000 டாலர் எழுதி வச்சாரு, அதுல இருந்து 1837ல உருவானது. குவேக்கர்னா நண்பர்கள் சபைன்னு ஒரு கிறிஸ்தவப் பிரிவு, அடிமை முறையை ஆரம்பத்துலயே எதிர்த்தவங்கள்ல முக்கியமானவங்க.

ஏன் கிரீக்? கறுப்பினப் பிள்ளைங்களுக்கு அப்ப அதுவா அவசியம்?

நிறைய பேர் கேக்கறது இது, நியாயமான கேள்விதான். தெற்கு மாநிலத்து அரசியல்வாதி ஜான் கால்ஹூன், ஒரு நீக்ரோ கிரீக் வினைச்சொல்லை ஒழுங்கா திரிச்சுக் காட்டினா அவங்க தாழ்ந்தவங்கன்ற என் எண்ணத்தை விட்டுடறேன்னு சொன்னதா ஒரு பேச்சு உண்டு. சரி முயற்சி பண்ணித்தான் பாப்போமேன்னு குவேக்கர்கள் இறங்கினாங்கன்னு ஃபேனி கொஞ்சம் குறும்போட எழுதறாங்க. கிரீக்குங்கறது அங்க வெறும் பாடம் இல்லங்க, மனுஷன்னு நிரூபிக்க கேட்ட சர்டிபிகேட்டு. அப்படிக் கேட்டதே அநியாயம்தான், ஆனா கேட்டாங்க, இவங்க கொடுத்தாங்க.

வருஷா வருஷம் பப்ளிக்கா பரீட்சை நடக்கும், டீச்சர் கேட்டு முடிச்சதும் கூட்டத்துல யார் வேணா எழுந்து பிள்ளைங்களைக் கேள்வி கேக்கலாம். ஒரு தடவை பட்டம் வச்சிருந்த இங்கிலீஷ் பிரபு ஒருத்தரைக் கேக்கச் சொன்னாங்க, அவரு இவங்கதான் என்னைப் பரீட்சை பண்ணணும் போலன்னுட்டாரு. பிலடெல்ஃபியாவுல ஜெர்மன்டவுன்ங்கற பகுதியில இருந்து வந்த ஒரு குவேக்கர், ஒரு பக்கம் பிள்ளைங்க போர்டுல கிரீக் எழுதிட்டு இருக்காங்க, இன்னொரு பக்கம் இவங்க வேற ஒரு கிளாஸைக் கேட்டுக்கிட்டு இருக்காங்க, அதைப் பாத்துட்டு, ஆறு குதிரை பூட்டின வண்டில்ல ஓட்டுற ஃபேனின்னு சொன்னாராம்.

ஊர் எப்படி வரவேற்றது?

கொட்டுற மழையில டிராம்ல ஏற விடல. ஓபர்லின்ல இருந்து இருந்து நிறமே மறந்து போச்சு, பிலடெல்ஃபியா கண்டக்டர் நல்லா ஞாபகப்படுத்திட்டாருன்னு எழுதறாங்க. கறுப்பினத்தவர் ஏறலாம்னு போர்டு மாட்டின டிராம் வர்ற வரைக்கும் மழையிலயே நின்னாங்க. அடிமை மாநிலம் இல்ல அது, வடக்கு, பென்சில்வேனியா. அந்த டிராம் பாகுபாட்டை 1867ல சட்டம் போட்டுத் தடை பண்ணாங்க, அதுக்குப் போராடினதுல முன்னாடி நின்னவர் ஐ.சி.ஒய்.லயே வேலை பார்த்த ஆக்டேவியஸ் காட்டோ.

பிரின்சிபல் ஆனது எப்ப?

1865ல பெண்கள் பகுதிக்குத் தலைவியா சேர்ந்தாங்க. அப்ப பிரின்சிபல் எபனேசர் பாசெட், நல்ல படிப்பாளி. 1869ல கிராண்ட் அதிபர் அவரை ஹெய்ட்டி நாட்டுக்குத் தூதரா அனுப்பிட்டாரு, அமெரிக்காவோட முதல் கறுப்பினத் தூதர் அவருதான். அந்த இடத்துக்கு காட்டோவும் ஆசைப்பட்டாரு, கிடைச்சது ஃபேனிக்கு. ஆம்பளை டீச்சர்கள், வளர்ந்த பசங்க எல்லாரும் இருக்கற ஸ்கூலுக்கு ஒரு கறுப்பினப் பெண்மணி தலைமை, 1869ல. காட்டோ 1871 அக்டோபர் 10ந்தேதி, தேர்தல் நாள் அன்னைக்கு, தெருவுல வச்சு சுட்டுக் கொல்லப்பட்டாரு. கறுப்பினத்தவர் ஓட்டுப் போடக்கூடாதுன்னு நடந்த கலவரம். கூட வேலை பார்த்த ஆளை அப்படி இழந்துட்டு ஸ்கூல் நடத்தணும், அந்தக் காலம் அப்படி.

"டீச்சர்களை உருவாக்கினவங்க"ன்னு சொல்றீங்களே, அப்படி என்ன புதுசா பண்ணாங்க?

முதல்ல நிலைமையைப் புரிஞ்சுக்கணும். போர் முடிஞ்சு 40 லட்சம் பேர் விடுதலை ஆகறாங்க. பெரும்பாலானவங்களுக்கு எழுதப் படிக்கத் தெரியாது, தெற்கு மாநிலங்கள்ல அடிமைக்கு எழுத்து சொல்லிக்கொடுக்கறதே பல இடத்துல சட்டப்படி குத்தமா இருந்துச்சு. அத்தனை பேருக்கும் டீச்சர் எங்க? கொஞ்சம் படிச்ச பிள்ளை கண்ணுல பட்டா போதும், படிப்பு முடியறதுக்கு முன்னாடியே வேலைக்கு இழுத்துக்கிட்டுப் போயிடுவாங்க. ஐ.சி.ஒய். பிள்ளைங்களுக்கும் அதுதான் நடந்துச்சு.

ஃபேனிக்கு தெரிஞ்ச விஷயம் என்னன்னா, கிரீக் தெரிஞ்சவனுக்கு அ ஆ சொல்லிக்கொடுக்கத் தெரியும்னு எந்த உத்தரவாதமும் கிடையாது. அதனால ஸ்கூலுக்குள்ளயே டீச்சர் ட்ரெயினிங்கை கொண்டு வந்தாங்க. பாடம் நடத்தற முறை, வகுப்பை நிர்வாகம் பண்ற முறை, இதெல்லாம் தியரி. பிராக்டிஸுக்கு வெளிய எங்கயும் போக வேண்டாம், அதே கட்டடத்துல சின்னப் பிள்ளைங்களோட ப்ரிபரேட்டரி வகுப்பு இருக்கு, பெரிய மாணவர்கள் அங்க போய் பாடம் எடுக்கணும். நம்ம பி.எட். பிள்ளைங்க டீச்சிங் ப்ராக்டிஸ் போறாங்களே அதே மாதிரி. ஓபர்லின்ல தனக்கு நடந்ததையே இங்க ஒரு ஏற்பாடா மாத்திட்டாங்கன்னு எனக்குத் தோணும், ஒரு வித்தியாசம், அங்க "எதிர்த்தா நாங்க பொறுப்பில்ல"ன்னு சொல்லி அனுப்புனாங்க, இங்க கூடவே நின்னு கத்துக்கொடுத்தாங்க.

விளைவு சங்கிலி மாதிரி போச்சு. ஒரு உதாரணம் ஜோசஃபின் சைலோன் யேட்ஸ். சின்ன வயசுல இந்த ஸ்கூல்ல ஃபேனி கிட்ட படிச்சவங்க. பின்னாடி மிசௌரி மாநிலத்துல லிங்கன் இன்ஸ்டிட்யூட்ல இயற்கை அறிவியல் துறைக்கே தலைவியானாங்க, அங்கயும் டீச்சர்களைத்தான் தயார் பண்ணாங்க. எல்லாரும் டீச்சர் ஆகலதான், ஜூலியன் ஏபல்னு ஒரு பையன் 1890கள்ல இங்க படிச்சான், அவர்தான் பின்னாடி பிலடெல்ஃபியா கலை அருங்காட்சியகக் கட்டடத்தை வடிவமைச்சவங்கள்ல ஒருத்தர்.

1876ல ஃபிரெடரிக் டக்ளஸுக்கு, அடிமையா இருந்து தப்பிச்சு வந்து அடிமை ஒழிப்புக்குப் போராடின தலைவர் அவரு, ஒரு லெட்டர் எழுதறாங்க. சின்ன வயசுலயே ஒரு புனிதமான நெருப்பை கையில கொடுத்து பத்திரமா பாத்துக்கோன்னு சொன்ன மாதிரி இருக்கு எனக்கு, என் இனம் மூலையில உக்காந்து அடுத்தவங்க தூக்கிப் போடற அறிவுத் துணுக்கைப் பொறுக்கித் தின்னக் கூடாதுன்னு அதுல சொல்றாங்க.

அடி உண்டா இல்லையா அந்த ஸ்கூல்ல?

அடியை நிறுத்தினாங்க. 19ம் நூற்றாண்டுல பிரம்பு இல்லாத ஸ்கூல்னா ஜனங்க சிரிப்பாங்க, இவங்க நிறுத்தினாங்க. டீச்சர்களுக்கு அவங்க எழுதி வச்ச குறிப்புகள்ல எனக்குப் பிடிச்சது ரெண்டு. ஒண்ணு, வகுப்புல மக்குங்கற அர்த்தத்துல வர்ற வார்த்தையையே யாரும் சொல்லக்கூடாது. ரெண்டு, பிள்ளையோட அப்பா அம்மாவை, வீட்டுல அதுக்கு சொல்லிக்கொடுத்தவங்களை, மட்டமா ஒரு வார்த்தை பேசக்கூடாது. ரெண்டாவதுதான் ஆழமானது. வீட்டுல எழுத்தே தெரியாத, நேத்து வரைக்கும் அடிமையா இருந்த தாய் தப்பும் தவறுமா ஏதோ சொல்லிக்கொடுத்து அனுப்பிருப்பா, அதை கிளாஸ்ல வச்சுச் சிரிச்சா அந்தப் பிள்ளை தாயையும் வெறுக்கும், ஸ்கூலையும் வெறுக்கும். இதைச் சொல்ற ஆள் 6 டாலர் சம்பளக்காரச் சித்தியால மீட்கப்பட்டவங்கன்னு ஞாபகம் வச்சுப் படிங்க.

மந்தம்னு சொல்லப்படற பிள்ளைகள்ல பல பேரு பொறுமையான, திறமையான டீச்சர் கிட்ட வேகமா முன்னேறும்ங்கறதும் அவங்க எழுதினதுதான். அஞ்சாங்கிளாஸ்ல என்னை எத்தனை தடவை மக்குன்னு சொல்லிருப்பாங்கன்னு எண்ணிப் பாத்தேன், விரல் பத்தல, சரி விடுங்க.

கிரீக் சொல்லிக்கொடுத்தவங்க எதுக்கு தையலும் கொத்து வேலையும் கொண்டு வந்தாங்க? முரணா இருக்கே?

எனக்கும் முதல்ல அப்படித்தான் பட்டுச்சு. 1876ல பிலடெல்ஃபியாவுல பெரிய நூற்றாண்டுக் கண்காட்சி நடந்துச்சு, எல்லா நாட்டுத் தொழில் கல்வியையும் அங்க காட்சிக்கு வச்சிருந்தாங்க. அதுக்கப்புறம் ஊரே தொழில் கல்வி பத்திப் பேச ஆரம்பிச்சது. கறுப்பினப் பசங்களுக்கு தொழில் கத்துக்க இங்க என்ன வழி இருக்குன்னு பேச்சு வந்தப்ப ஃபேனி சொன்னது: இந்த ஊர்ல ஒரு கறுப்பினப் பையன் தொழில் கத்துக்க ரெண்டே இடம், ஒண்ணு சீர்திருத்தப் பள்ளி, இன்னொண்ணு ஜெயில்.

அது உண்மையும் கூட. கைத்தொழில் சங்கங்கள், பட்டறைகள் எதுவும் கறுப்பினப் பையனை அப்ரண்டிஸா எடுக்காது. படிச்சு முடிச்சவனுக்கு டீச்சர் வேலை, பாதிரியார் வேலை விட்டா வேற வழி இல்ல, படிக்காதவனுக்கு சுமை தூக்கறதுதான். அதனால சர்ச் சர்ச்சா, மீட்டிங் மீட்டிங்கா போய்ப் பேசி, காசு திரட்டி, மெதுவா நகர்ந்த நிர்வாகக் குழுவை விடாம நச்சரிச்சு, 1889ல தொழிற்பிரிவைத் திறந்தாங்க. கொத்து வேலை, பூச்சு வேலை, தச்சு, செருப்புத் தைக்கறது, அச்சு வேலை, தையல், தொப்பி செய்யறது, சமையல், ஷார்ட்ஹேண்ட், டைப்ரைட்டிங். பத்து வருஷத்துக்கு மேல ஆச்சு அதுக்கு.

ஆனா ஒண்ணு, கிரீக்கை எடுத்துட்டு கொத்து வேலையைப் போடல, ரெண்டும் வேணும்னுதான் நின்னாங்க. புக்கர் டி. வாஷிங்டன், டுபாய்ஸ்னு ரெண்டு கறுப்பினத் தலைவர்கள், முன்னவர் தொழில் கல்விதான் முக்கியம்னாரு, பின்னவர் உயர்கல்வி வேணும்னாரு, யார் பக்கம்னு பின்னாடி பெரிய சண்டை வந்துச்சு. அந்தச் சண்டை சூடு பிடிக்கறதுக்கு ரொம்ப முன்னாடியே இவங்க ரெண்டையும் ஒரே கூரைக்குள்ள நடத்திட்டு இருந்தாங்க. இவங்க ஓய்வு பெற்றப்புறம் வந்த ஹியூ பிரவுன் வாஷிங்டன் பக்கத்து ஆளு, கிரீக்கும் லத்தீனும் காணாமப் போச்சு. எனக்கு அதுல வருத்தம்தான்.

கல்யாணம், குடும்பம்?

1881ல, 44 வயசுல, லீவை ஜென்கின்ஸ் காப்பின்ங்கற ஏ.எம்.இ. பாதிரியாரைக் கட்டிக்கிட்டாங்க. அவர் இவங்களை விட 11 வயசு சின்னவரு. அவருக்கு பால்டிமோர்ல வேலை, இவங்க ஸ்கூலை விட்டுட்டு வரல, அவர்தான் கொஞ்ச வருஷத்துல பிலடெல்ஃபியாவுக்கு மாத்திக்கிட்டு வந்தாரு. கல்யாணம் ஆனா டீச்சரம்மா வீட்டோட போயிடணும்ங்கற காலத்துல.

ஸ்கூலுக்கு வெளிய?

நிறைய இருக்கு, வேகமா சொல்லிடறேன். 1879ல ஏ.எம்.இ. திருச்சபையோட "கிறிஸ்டியன் ரெக்கார்டர்" பத்திரிகை கடன்ல மூழ்கினப்ப பெரிய பொருட்காட்சி நடத்திக் காப்பாத்தினாங்க, அதுல பெண்களுக்காக எழுதியும் வந்தாங்க. 1888ல லண்டன்ல நடந்த மிஷன் மாநாட்டுல பேசினாங்க. 1893ல சிகாகோ உலகக் கண்காட்சியை ஒட்டி நடந்த பெண்கள் மாநாட்டுல பேசின ஒரு சில கறுப்பினப் பெண்கள்ல இவங்களும் ஒருத்தர், கூடப் பேசினவங்கள்ல அன்னா ஜூலியா கூப்பரும் உண்டு, அவங்களும் ஓபர்லின், அவங்களும் டீச்சர்.

தென்னாப்பிரிக்கா போனது எதுக்கு?

1900ல புருஷன் பிஷப் ஆனாரு, தென்னாப்பிரிக்கா அவர் பொறுப்பு. 1902ல ஃபேனி ஓய்வு பெற்று அவரோட கேப் டவுன் போனாங்க. 65 வயசு அப்ப. பிரிட்டிஷ்காரங்களும் அங்க குடியேறின டச்சு வம்சாவளி போயர்களும் மோதின போயர் போர் அப்பத்தான் முடிஞ்சிருக்கு, அமெரிக்கக் கறுப்பினத் திருச்சபைன்னாலே அங்க இருந்த வெள்ளை அரசாங்கத்துக்கு சந்தேகம், இவங்க நம்ம ஆளுங்களைக் கிளப்பி விட்டுடுவாங்கன்னு. அங்க பெண்கள் மத்தியில வேலை பாத்தாங்க, மிஷன் சங்கங்கள், மதுவிலக்குப் பிரச்சாரம் இப்படி. ரொம்ப நாள் இருக்க முடியல, திரும்பி வந்தப்புறம் உடம்பு தேறவே இல்ல, பிலடெல்ஃபியா வீட்டோடயே இருந்துட்டாங்க. 1913 ஜனவரி 21ல இறந்தாங்க.

புஸ்தகம் எழுதிருக்காங்கன்னீங்களே?

கடைசிக் காலத்துல வீட்டுக்குள்ளயே இருந்தப்ப எழுதினது, பள்ளி வாழ்க்கை நினைவுகளும் டீச்சர்களுக்கான குறிப்புகளும், இறந்த வருஷமே வெளிவந்துச்சு. சுயசரிதைன்னு நினைச்சு திறந்தா ஏமாந்துடுவீங்க, தன்னைப் பத்தி கொஞ்சம்தான், பாக்கியெல்லாம் கணக்கை எப்படி நடத்தணும், ஒழுக்கத்தை எப்படிக் கொண்டு வரணும், அப்புறம் ஸ்கூல்ல வேலை பார்த்தவங்க படிச்சவங்களைப் பத்தின குறிப்புகள். சமர்ப்பணம் சேரா ஓர் கிளார்க்குக்கு, 6 டாலர் சம்பளத்துல 125 டாலர் சேர்த்த விவரத்தோட.

ஐ.சி.ஒய். இப்ப இருக்கா? காப்பின் ஸ்டேட்டும் அதுவும் ஒண்ணா?

ஒண்ணு இல்ல, நிறைய பேர் குழப்பிக்கறாங்க. ஐ.சி.ஒய். 20ம் நூற்றாண்டு ஆரம்பத்துல பிலடெல்ஃபியாவை விட்டு செய்னிங்கற இடத்துக்கு மாறி, இன்னைக்கு செய்னி யுனிவர்சிட்டியா இருக்கு. காப்பின் ஸ்டேட் யுனிவர்சிட்டி வேற, அது பால்டிமோர்ல. 1900ல கறுப்பினப் பிள்ளைங்க ஹைஸ்கூல்ல ஒரு வருஷ டீச்சர் ட்ரெயினிங் வகுப்பா ஆரம்பிச்சது, 1926ல ஃபேனி ஜாக்சன் காப்பின் நார்மல் ஸ்கூல்னு பேர் வச்சாங்க, 1938ல டீச்சர்ஸ் காலேஜ், 2004ல யுனிவர்சிட்டி. இவங்க அதுல ஒரு நாள் கூட வேலை பாத்ததில்ல, பேரு மட்டும்தான் இவங்களுது. பால்டிமோர் பிரபு வம்சத்துக்காரங்க வீட்ல வேலைக்காரியா இருந்த பொண்ணோட பேரு பால்டிமோர் நகரத்துல ஒரு யுனிவர்சிட்டிக்குன்னு நினைச்சா எனக்கு சிரிப்புதான் வரும். போறவங்க நார்த் அவென்யூவுல இறங்கணும், 1952ல இருந்து காம்பஸ் அங்கதான்.